சிக்னாகியில் ஸாஸாவின் கதிரை

எங்கள் வீட்டில் என்னைவிட அதிகம் சத்தம் போடுவது குளிர்சாதனப் பெட்டிதான் என்று என் மனைவி ஜெசிந்தா எல்லாரிடமும் சொல்லித் திரிவாள். அதில் பெரிய பிழையில்லை. கோயிலில் வாசகம் வாசிக்கக் கூப்பிட்டால்கூட, தொண்டை சரியில்லை என்று கடைசி வாங்கில் போய் இருந்துவிடுவேன். அப்படிப்பட்ட நான், ஒரு கல்யாண மேசையில் பெண்ணின் தகப்பனுக்குரிய கதிரையில் உட்காருவதற்காக ஜோர்ஜியா நாட்டுக்குப் போனேன். அதற்குக் காரணம் ஸாஸா.

ஸாஸாவும் நானும் மொன்றியலில், சென்ட் லோரன்டில் இருக்கும் ஒரு மருந்துத் தொழிற்சாலையில் ஒரே வரிசையில் நிற்கிறோம். அவன் போத்தல்களை ஏற்றிவிடுவான். மூடி இறுகியிருக்கிறதா என்று நான் பார்ப்பேன். ஒன்பது வருடமாக இதே வேலை. இயந்திரச் சத்தத்தில் ஒன்றும் பேச முடியாது. எங்கள் சிநேகிதம் இவ்வளவு காலம் நீடித்ததற்கு அதுவும் ஒரு காரணமாக இருக்கலாம்.

போன கோடையில் ஒரு நாள் சாப்பாட்டு அறையில் விஷயத்தைச் சொன்னான். அவனுடையது உடைந்த பிரெஞ்சு, என்னுடையதும் உடைந்த பிரெஞ்சு. இரண்டு உடைசலும் நன்றாகப் பொருந்தும். அவன் சொன்னதை நான் என் தமிழில்தான் எழுத முடியும். ஆகவே இந்தக் கட்டுரையில் வரும் ஜோர்ஜியர்கள் எல்லாரும் மன்னார்க்காரரைப் போலத்தான் கதைப்பார்கள். பொறுத்துக்கொள்ளுங்கள்.

"அந்தோனி, ஒக்டோபரில என்ர மகளுக்குக் கலியாணம்," என்றான்.

"நல்ல விஷயம்."

"எனக்குப் போகேலாது."

எனக்கு அது தெரியும். அவனுடைய அகதி விண்ணப்பத்தை ஒருமுறை நிராகரித்துவிட்டார்கள். மேன்முறையீடு நடக்கிறது. நாட்டை விட்டு வெளியே போனால் திரும்பி வர முடியாது.

"சம்பந்தி வீட்டுக்கு இது தெரியாது. லீவு கிடைக்கேல்லை எண்டுதான் மனிசி சொல்லி வைச்சிருக்கிறா. மகள் வாழப்போற வீடு. உன்ர தகப்பனை ஒரு நாடு வேண்டாமெண்டு சொல்லிட்டுது எண்டு அங்க எப்பிடிச் சொல்லுறது? சம்பந்தி நினைக்கிறார், எனக்குத் தலைக்கனம் எண்டு."

பிறகு கேட்டான். அவர்கள் பக்கத்தில் கல்யாண விருந்தன்று பெண்ணின் தகப்பனும் மாப்பிள்ளையின் தகப்பனும் ஒரே மாட்டுக்கொம்பில் திராட்சை மது குடிக்க வேண்டும். அந்தக் கதிரை வெறுமையாகக் கிடக்கக் கூடாது. நீ போய் உட்கார்.

"உனக்குச் சொந்தக்காரர் இல்லையோ?"

"ஊர் நிறைய இருக்கினம். ஆனா அவை எல்லாம் அங்கயே இருக்கிற ஆக்கள். நீ என்னட்டயிருந்து போற ஆள்."

நான் ஓம் சொல்லவில்லை. என் தலை ஆடிவிட்டது. அவன் கேட்டதை என்னால் ஏன் மறுக்க முடியவில்லை என்பதற்கு ஒரு பழைய காரணம் உண்டு. அதை அதற்குரிய இடத்தில் சொல்கிறேன்.

பார்க் எக்ஸ்டென்ஷனில் உள்ள எங்கள் மூன்றாம் மாடி வீட்டில் அன்று பின்னேரம் ஒரே சிரிப்பு.

"இஞ்ச ஒரு கிளாஸ் வைனுக்கே கண் சிவந்து நித்திரை கொள்ளுற மனுசன், அங்க போய்க் கொம்பில குடிக்கப் போறாராம்!" என்றாள் ஜெசிந்தா. "அவையள் பேசச் சொன்னா என்ன செய்வியள்?"

"பேச்சு ஒண்டும் இல்லையாம். குடிச்சாக் காணுமாம்."

"பப்பா, ஜோர்ஜியா அமெரிக்காவிலதானே?" என்று மகள் பிரெஞ்சில் கேட்டாள்.

அமெரிக்காவில் ஒன்று இருக்கிறது. இது மற்றது. ஒரு பக்கம் கருங்கடல், வடக்கே கொக்கேசிய மலை, மலைக்கு அந்தப் பக்கம் ரஷ்யா. தெற்கே துருக்கியும் ஆர்மேனியாவும். இவ்வளவையும் நானே ஸாஸா சாப்பாட்டு மேசையில் சீனிப் பொட்டலங்களை அடுக்கிக் காட்டித்தான் படித்தேன்.

தலைநகர் திபிலிசியிலிருந்து சிக்னாகிக்கு ஒரு சின்ன வான் வண்டி போகிறது. மர்ஷ்ருட்கா என்கிறார்கள். ஆட்கள் நிரம்பினால்தான் புறப்படும். நிரம்பிய பிறகும் நாலு பேரை ஏற்றித்தான் புறப்படும். நம் நாட்டு மினிபஸ்ஸில் பழகியவனுக்கு அது புதிதல்ல. புதிது என்னவென்றால், சாரதி ஒவ்வொரு தேவாலயத்தையும் கண்டதும் மூன்று தடவை சிலுவை அடையாளம் போட்டார். அந்த நாட்டில் குன்றுக்கு ஒரு தேவாலயம். ஒரு கை சிலுவை போட, மற்றக் கையில் கைப்பேசி. வண்டியை யார் ஓட்டினார் என்று எனக்கு இன்றுவரை தெரியாது.

பயத்தில் நானும் போடத் தொடங்கினேன். பக்கத்தில் இருந்த அம்மா திடீரென்று என் கையைப் பிடித்துக்கொண்டார். நாங்கள் கத்தோலிக்கர் இடத் தோளிலிருந்து வலத் தோளுக்குப் போவோம். அவர்கள் வலமிருந்து இடம். அம்மா என் கையைப் பிடித்தபடி, பிள்ளைக்கு ஆனா எழுதப் பழக்குவதுபோல, சரியான பக்கத்துக்கு மூன்று முறை இழுத்துக் காட்டினார். முழு வானும் பார்த்துக்கொண்டிருந்தது. சிக்னாகி வருமட்டும் நான் கையை மடியை விட்டு எடுக்கவில்லை.

நடுவழியில் ஒரு கிராமத்தில் வானை நிறுத்திவிட்டு சாரதி பாண் வாங்கப் போனார். தெருவோரம் வரிசையாக மண் அடுப்புகள். கிணறு போன்ற அடுப்பின் உட்சுவரில் மாவை அப்பிச் சுடுகிறார்கள். பாண் தோணி வடிவத்தில், இரண்டு பக்கமும் கூராக வருகிறது. கடையாட்களோடு கதைத்துவிட்டு ஆறுதலாக வந்து எல்லாருக்கும் ஒவ்வொரு துண்டு பிய்த்துக் கொடுத்தார். காசு வாங்கவில்லை. பிறகுதான் வான் உயிர் பெற மறுத்தது. ஆண்கள் எல்லாரும் இறங்கித் தள்ளினோம். கல்யாணத்துக்கென்று ஜெசிந்தா வாங்கித் தந்த கறுப்புச் சப்பாத்தோடு, வாயில் பாணோடு, நானும் தள்ளினேன். பாண் மிகவும் நன்றாக இருந்தது.

சிக்னாகி மலைமேல் ஒட்டிவைத்தது போன்ற ஊர். சிவப்பு ஓட்டுக் கூரைகள், மரத்தில் பூ வேலை செய்த உப்பரிகைகள், கல் பாவிய தெருக்கள். நேரான தெரு ஒன்றுகூட இல்லை. கீழே அலசானிச் சமவெளி முழுவதும் திராட்சைத் தோட்டம். அதற்கப்பால் கொக்கேசிய மலை, உச்சியில் ஒக்டோபரிலேயே பனி. மொன்றியலிலும் நகர் நடுவே ஒரு மலை இருக்கிறது. அதை மலை என்று இங்கே சொன்னால் சிரிப்பார்கள்.

ஸாஸாவின் மனைவி மனானா என்னை வாசலில் கட்டிப்பிடித்துக் கொஞ்சிவிட்டு நேரே மேசைக்குக் கொண்டுபோனார். மகள் ஏக்கா ஊர்ப் பள்ளிக்கூடத்தில் ஆங்கிலம் படிப்பிப்பவள். அவள் ஆங்கிலத்திலும் நான் என் ஆங்கிலத்திலும் பேசிக்கொண்டோம். முதலில் வந்தது கிங்காலி. பார்க்க எங்கள் மோதகம்தான். உள்ளே தேங்காய்ப்பூ இருக்கும் என்று கடித்தேன். இறைச்சியும் கொதிக்கும் சாறும் சட்டையில் பாய்ந்தது.

"மேல இருக்கிற குடுமியில பிடிச்சு, சின்ன ஓட்டை போட்டு, முதல்ல சாற்றை உறிஞ்ச வேணும், அந்தோனி மாமா," என்றாள் ஏக்கா. "குடுமியைச் சாப்பிடக் கூடாது. எத்தினை சாப்பிட்டனீங்கள் எண்டு அம்மா அதை வைச்சுத்தான் எண்ணுவா."

மனானா எண்ணினார். ஏழு என்றதும் முகம் வாடிவிட்டது. ஸாஸா இருபத்தைந்து சாப்பிடுவானாம்.

அன்று ஜெசிந்தா தொலைபேசியில், "என்ன, ஆரோடையும் கதைச்சனீங்களோ?" என்றாள்.

"வான் தள்ளினனான்."

"அது காணும் இண்டைக்கு."

அடுத்த நாள் ஏக்கா ஊரைச் சுற்றிக் காட்டினாள். ஊரைச் சுற்றி ஒரு நீளக் கல்மதில், அதில் இருபத்துமூன்று காவற்கோபுரங்கள். பதினெட்டாம் நூற்றாண்டில், வடக்கு மலையிலிருந்து இறங்கிவந்து கொள்ளையடித்தவர்களிடமிருந்து சனங்களைக் காப்பாற்ற அப்போதைய அரசர் கட்டுவித்தது. ஒவ்வொரு கோபுரத்துக்கும் சமவெளியில் இருக்கும் ஒவ்வொரு கிராமத்தின் பெயர். ஆபத்து வந்தால் அந்தந்தக் கிராமத்தார் மேலே ஓடிவந்து தங்கள் கோபுரத்துக்குள் புகுந்துகொள்வார்களாம். சிக்னாகி என்ற பெயருக்கே புகலிடம் என்றுதான் பொருள், துருக்கிப் பக்கத்துச் சொல் என்றாள். ஸாஸா ஒன்பது வருடத்தில் ஒருநாளும் இதைச் சொன்னதில்லை.

பிறகு இது வணிகர் ஊரானது. கம்பளமும் மதுவும் விற்றார்கள். ஆர்மேனியர் நிறையப் பேர் இருந்தார்கள். சோவியத் காலம் முடிந்தபின் ஊர் வறண்டு, வீடுகள் இடிந்து, ஆட்கள் வெளியே போனார்கள். பதினைந்து இருபது வருடங்களுக்கு முன்னால்தான் அரசாங்கம் எல்லாவற்றையும் பூசித் திருத்தி உல்லாசப் பயணிகளைக் கூப்பிட்டது. இப்போது ஊருக்குப் பட்டப்பெயர் காதல் நகரம். கல்யாணம் பதிவு செய்யும் கந்தோர் இருபத்துநான்கு மணி நேரமும் திறந்திருக்கும். எங்கள் தெருமுனை டெப்பனர் கடைகூடப் பதினொரு மணிக்குப் பூட்டிவிடும்.

"ஆரும் விடியப்புறம் மூண்டு மணிக்கு வந்து கலியாணம் முடிக்கிறவையோ?" என்று கேட்டேன்.

"வருவினம். விடிஞ்சாப்பிறகு வந்தா யோசிச்சுப் போடுவினம் எல்லோ," என்றாள்.

ஊருக்கு வெளியே போத்பே மடம். புனித நீனோ அங்கே அடக்கம். நாலாம் நூற்றாண்டில் இந்த நாட்டுக்கு வேதத்தைக் கொண்டுவந்தவர் ஒரு பெண். திராட்சைக் கொடி இரண்டை எடுத்துத் தன் தலைமயிரால் கட்டி அவர் செய்த சிலுவை என்று சொல்கிறார்கள். அதனால் அவர்களுடைய சிலுவையின் கைகள் கொஞ்சம் தொய்ந்திருக்கும். எனக்கு அது பிடித்துக்கொண்டது.

ஏக்கா கல்யாண விஷயமாகப் பாதிரியாரைப் பார்க்கப் போக, நான் தனியே வாசலில் நின்றேன். அங்கே கடைகளில் மெழுகுதிரி தொங்கிக்கொண்டிருந்தது. மண்ணிறம், ஊதா, மஞ்சள் என்று பல நிறம், கொஞ்சம் முண்டும் முடிச்சுமாக, மேலே திரி நீட்டிக்கொண்டு. எங்கள் மன்னார்ப் பக்கத்து மடு மாதா கோயில் வாசலிலும் இப்படித்தான் கட்டித் தொங்கும். ஸாஸாவின் வழக்குக்கு ஒன்று, மகளுக்கு ஒன்று என்று நல்ல பருமனான இரண்டை வாங்கிக்கொண்டு உள்ளே போய், மணல் தட்டில் நட்டுக் கொளுத்தினேன். பற்றவில்லை. மற்றவர்களுடைய திரியில் பிடித்தேன். கருகிய வாசம் வந்தது, கச்சான் கடலை வறுத்துத் தீய்ந்த வாசம்.

கறுப்பு உடுப்பில் ஒரு கன்னியாஸ்திரி ஓடிவந்தார். ஊதி அணைத்தார். என்னைப் பார்த்தார், அதைப் பார்த்தார், வாயைப் பொத்திக்கொண்டு தோள் குலுங்கச் சிரித்தார். பிறகு கருகிய நுனியை உடைத்து எறிந்துவிட்டு மிச்சத்தை என் கையில் தந்து, வாயில் போடு என்று சைகை காட்டினார். அக்ரூட் கொட்டைகளை நூலில் கோத்து, காய்ச்சிய திராட்சைப் பாகில் தோய்த்துக் காயவிட்ட இனிப்பு. சுர்ச்கேலா என்று பெயர். இவர்களுடைய தொதல் என்று வைத்துக்கொள்ளுங்கள். நீனோவின் கல்லறைக்கு முன்னால் நின்று இரண்டையும் சாப்பிட்டு முடித்தேன்.

மூன்றாம் நாள் திராட்சை பிடுங்கினோம். அறுவடைக் காலத்தில்தான் அங்கே கல்யாணமும் வைக்கிறார்கள். ஸாஸாவின் தோட்டத்தில் அயலட்டை எல்லாம் கூடிவிட்டது. எனக்கு ஒரு கத்தியும் வாளியும் தந்தார்கள். ஒருவர் வெட்ட, அடுத்தவர் அழுகலைக் கழிக்க, இன்னொருவர் கூடையில் கொட்ட, வரிசையாக நகர்ந்தது வேலை. நான் கழிக்கிற இடத்தில் நின்றேன். பிழையானதைப் பொறுக்குவது எனக்குப் பழகிய தொழில்.

வீட்டுப் பின்பக்கம் போனால், நிலத்துக்கு அடியிலிருந்து ஆண்குரலில் பாட்டுக் கேட்டது. திடுக்கிட்டுவிட்டேன். அங்கே பெரிய மண் சாடிகளைக் கழுத்துவரை நிலத்தில் புதைத்து அதற்குள்தான் மதுவைப் புளிக்க விடுகிறார்கள். கழுவுவதற்கு ஆள் உள்ளே இறங்க வேண்டும். ஓட்டைக்குள்ளிருந்து ஒரு ஈரத் தலை வெளியே வந்தது.

"லெவான். மாப்பிள்ளை," என்று ஏக்கா அறிமுகம் செய்தாள்.

"மன்னிக்க வேணும் மாமா, கை தர ஏலாது. கையை எடுத்தால் உள்ள விழுந்திடுவன்," என்றது தலை.

மத்தியானம் உழவு இயந்திரத்தில் மாப்பிள்ளையின் தகப்பன் வாஷா வந்தார். அகலமான ஆள். மீசையும் அகலம். என்னை மேலும் கீழும் பார்த்தார்.

"நீதானோ அந்தக் கதிரை?" என்றார். ஏக்கா தயங்கித் தயங்கித்தான் மொழிபெயர்த்தாள்.

"ஓம்," என்றேன்.

"ஸாஸா பெரிய ஆளாயிட்டான். தனக்குப் பதிலா ஆள் அனுப்புறான்."

மனானா முகத்தைத் திருப்பிக்கொண்டு கூடையைத் தூக்கினார். நான் ஏதாவது சொல்லியிருக்க வேண்டும். அழுகல் பொறுக்கும் இடத்துக்கே திரும்பிப் போனேன். நாளைக்கு இந்த மனிதரோடுதான் ஒரே கொம்பில் குடிக்க வேண்டும்.

நாலாம் நாள் கல்யாணம். தேவாலயத்தில் மாப்பிள்ளைக்கும் பெண்ணுக்கும் தலையில் முடி சூட்டினார்கள். ஏக்கா மூன்று தரம் வாசலைத் திரும்பிப் பார்த்தாள். அந்த நேரம் மொன்றியலில் காலை. ஸாஸா வேலைக்கு வந்திருப்பான். லீவு எடு என்று நான் சொன்னதற்கு, சும்மா வீட்டில் இருந்தால் விசர் பிடிக்கும் என்றான். எங்கள் தொழிற்சாலையில் கைப்பேசியை லொக்கரில் பூட்டிவிட்டுத்தான் உள்ளே போக வேண்டும். போத்தல்களைத் தவிர அவன் பார்க்க ஒன்றும் இல்லை.

பின்னேர வெயிலில் வாஷா வீட்டு முற்றத்தில் நீள மேசை. தட்டுக்கு மேல் தட்டு வைத்திருந்தார்கள். திராட்சைக் குச்சியில் வாட்டிய பன்றி இறைச்சி, பாலாடைக்கட்டி ரொட்டி, கத்தரிக்காய்க்குள் அக்ரூட் அரைத்து வைத்தது, புளிப்பிளம்ஸ் சட்னி. நடுவே இரண்டு கதிரை. ஒன்றில் வாஷா. மற்றதில் நான், ஸாஸாவின் தம்பியிடம் இரவல் வாங்கிய கழுத்துப்பட்டியோடு.

அங்கே நினைத்தபடி குடிக்க முடியாது. தமதா என்று ஒரு விருந்துத் தலைவர் இருக்கிறார். அவர் எழுந்து நாட்டுக்கு, இறந்தவர்களுக்கு, பிள்ளைகளுக்கு என்று ஒவ்வொரு வாழ்த்தாகச் சொல்லுவார். சொல்லி முடியும்வரை கிண்ணத்தைத் தொடக் கூடாது. ஸாஸா இதையெல்லாம் சாப்பாட்டு அறையில் பழக்கியிருந்தான். கொம்பைக் கீழே வைக்க முடியாது, வைத்தால் கவிழும், அதனால் நீ பாதி குடித்துவிட்டு நேரே வாஷாவின் கையில் கொடு என்றும் சொல்லியிருந்தான்.

தமதா பெற்றாருக்கான வாழ்த்தைச் சொன்னார். வெள்ளிப் பூண் போட்ட பெரிய கொம்பு என் கைக்கு வந்தது. எல்லாரும் எழுந்து நின்றார்கள். குடிப்பது மட்டும்தானே. கொம்பை முகத்துக்கு மேலே உயர்த்தி, தலையை அண்ணாந்து, ஒரு துளி சிந்தாமல், விளிம்பு வாயில் படாமல் பாதியைச் சரியாக ஊற்றிக் குடித்து முடித்தேன். இவ்வளவு அழகாகச் செய்துவிட்டேனே என்று எனக்கே பெருமையாக இருந்தது. கொம்பை வாஷாவிடம் நீட்டினேன்.

அவர் வாங்கவில்லை.

யாரோ ஒரு கிழவர் கரண்டியைக் கீழே வைத்தார். வாஷாவின் கழுத்து சிவந்து வந்தது. அவர் சொன்னதை ஏக்கா தலை குனிந்தபடி சொன்னாள்:

"கேக்கிறார்... எங்கட கொம்பு அழுக்கோ எண்டு. வாய் வைக்கிறதுக்கு ஏலாத அளவுக்கு."

அப்போதுதான் நான் செய்தது எனக்கு விளங்கியது. ஸாஸாவுக்குத் தலைக்கனம் என்று நினைக்கும் மனிதருக்கு முன்னால், ஸாஸாவின் கதிரையில் நின்றுகொண்டு, அவருடைய கொம்பில் வாய் வைக்காமல் குடித்திருக்கிறேன். கீழே வைக்கவும் முடியாத கொம்பு கையில். மனானா இரண்டு கையையும் மடியில் இறுக்கிக்கொண்டு என்னையே பார்த்தார். பேசாமல் இருந்தால் எல்லாம் கெட்டுப்போகும்.

"அழுக்கு இல்லை," என்றேன். என் குரல் எனக்கே கேட்கவில்லை. திரும்பச் சொன்னேன். "அழுக்கு இல்லை ஐயா. எங்கட பக்கம் ஒரு செம்புத் தண்ணியைப் பத்துப் பேர் குடிப்பம். நான் வாய் வைச்சால் அது எச்சில். என்ர எச்சிலை இன்னொருத்தருக்குக் குடுக்கிறது மரியாதை இல்லை. உங்களுக்குச் சுத்தமாத் தரவேணும் எண்டுதான் தூக்கிக் குடிச்சனான். கை தன்ர பாட்டில தூக்கிட்டுது."

ஏக்கா மொழிபெயர்த்தாள். தமதா முதலில் சிரித்தார். இரண்டு மூன்று பேர் சேர்ந்தார்கள்.

"சம்பந்தியின்ர எச்சில் வேணுமெண்டுதானே ஒரு கொம்பு வைச்சிருக்கிறம்!" என்றார் வாஷா. மீசை கொஞ்சம் இளகியது. ஆனால் கை நீளவில்லை. "சரி, கொம்பை விடு. ஸாஸா ஏன் வரேல்லை? மகளின்ர கலியாணத்துக்கு வராத அளவுக்கு என்ன வேலை?"

உண்மையைச் சொல்லக் கூடாது. பொய் சொல்லவும் எனக்கு வாய் வராது. ஆகவே என்னைப் பற்றிச் சொன்னேன்.

"எனக்கு ஒரே ஒரு தங்கச்சி. அவளின்ர கலியாணம் மன்னாரில நடக்கேக்க நான் மொன்றியலில. விண்ணப்பம் போட்டு நாலு வருசம். முடிவு வரேல்லை. வெளிக்கிட்டால் திரும்பி வர ஏலாது. பெத்தவை இல்லை, தமையன் நான்தான் கையைப் பிடிச்சுக் குடுக்க வேணும். மாப்பிள்ளை வீட்டுக்காரர் கேட்டவையாம், கனடாக்காரருக்கு எங்களோட இருந்து சாப்பிட வெக்கமோ எண்டு. நான் அண்டைக்கு ஒரு சாப்பாட்டுக் கடையில கோப்பை கழுவிக்கொண்டு நிண்டனான். அந்தக் கதிரையில ஆரும் இருக்கேல்லை. சும்மா கிடந்ததாம். போட்டோவில இப்பவும் அப்பிடித்தான் கிடக்கு."

பாதியில் ஏக்காவின் குரல் நின்றுவிட்டது. லெவான் எழுந்து வந்து அவளுடைய தோளைப் பிடித்துக்கொண்டான். மூக்கை உறிஞ்சிவிட்டு மிச்சத்தையும் சொல்லி முடித்தாள்.

"நான் ஸாஸாவைப் பற்றி ஒண்டும் சொல்லேல்லை," என்று முடித்தேன். "வராதவை எல்லாரும் தலைக்கனத்தால வராமல் விடுறேல்லை எண்டுதான் சொல்லுறன்."

என் வாழ்நாளில் இவ்வளவு நீளமாக நான் பேசியதில்லை. கொம்பு பிடித்த கை மரத்துவிட்டது.

வாஷா மனானாவைப் பார்த்தார். மனானா கண்ணைத் தாழ்த்தவில்லை. வாஷா என் பக்கம் வந்து கொம்பின் விளிம்பைத் தட்டிக் காட்டினார்.

"இன்னும் ஒரு மிடறு குடி. வாய் வைச்சு."

வைத்தேன். அவர் கொம்பைப் பறித்து, நான் வாய் வைத்த அதே இடத்தைத் திருப்பி வைத்துக்கொண்டு, மிச்சத்தை ஒரே மூச்சில் குடித்துக் கவிழ்த்துக் காட்டினார். "கௌமர்ஜோஸ்!" என்று மேசை முழுவதும் கத்தியது. வெற்றி உண்டாகட்டும் என்று அர்த்தமாம்.

அதன்பிறகு அந்த விருந்து யாருடைய கட்டுப்பாட்டிலும் இல்லை. என்னைப் போல அண்ணாந்து குடித்துப் பார்க்க எல்லாருக்கும் ஆசை வந்துவிட்டது. லெவானின் வெள்ளைச் சட்டை முதலில் போனது. தமதாவுக்குப் புரையேறி, வாழ்த்துச் சொல்லுகிறவரின் முதுகில் நான்கு பேர் தட்ட வேண்டியதாயிற்று. வாஷா மீசையில் பாதியும் கழுத்துக்குள் பாதியும் ஊற்றிக்கொண்டு, "இது குடிக்கிறதுக்கு இல்லை, குளிக்கிறதுக்கு!" என்று கத்தினார். நான் நடுவில் நின்று, தொண்டையைத் திறந்து வையுங்கள், விழுங்காதீர்கள் என்று படிப்பித்துக்கொண்டிருந்தேன். அதற்கு மொழிபெயர்ப்பே தேவைப்படவில்லை.

புறப்படும் நாள் காலையில் வாஷா என்னைத் தன் வீட்டு மதுக் கொட்டிலுக்குக் கூட்டிக்கொண்டு போனார். ஏக்கா இப்போது அந்த வீட்டுப் பெண். தூக்கக் கலக்கத்தோடு மொழிபெயர்க்க வந்தாள். நிலத்தில் ஐந்தாறு சாடி வாய்கள். உள்ளே புதுச் சாறு கொதிப்பதுபோலப் பொருமிக்கொண்டிருந்தது. அவர் ஒரு சாடிக்குப் பக்கத்தில் குந்தி, அதன் கல் மூடியில் கரித்துண்டால் பெரிதாக எழுதினார்.

"அப்பாவின்ர பேர்," என்றாள் ஏக்கா.

"கொதி அடங்கினதும் களிமண் வைச்சுப் பூசிடுவன். ஸாஸா இஞ்ச வந்து தன்ர கையால உடைக்கிற வரைக்கும் இது திறபடாது. போய்ச் சொல்லு," என்றார் வாஷா. "வேற ஒண்டும் நான் கேக்கேல்லை எண்டும் சொல்லு."

திங்கட்கிழமை வேலைக்குப் போனேன். தலைக்கு வலை, கைக்கு உறை, முன்னால் போத்தல்கள். மத்தியானம்வரை ஸாஸா என் முகத்தையே பார்த்தபடி நின்றான். போத்தல் இரண்டு கவிழ்ந்தது. சாப்பாட்டு அறையில் உட்கார்ந்ததும் எல்லாவற்றையும் சொன்னேன். முடி சூட்டியதை, கொம்பை, எச்சிலை, என் தங்கச்சியை, கடைசியாகச் சாடியை. அவன் சாப்பாட்டுப் பெட்டியைத் திறக்கவில்லை.

"எந்தச் சாடி?" என்று கேட்டான். "பெரிசோ, சின்னனோ?"

"வாசல் பக்கத்தில இருக்கிறது. அதுதான் எல்லாத்திலயும் பெரிசெண்டு ஏக்கா சொன்னவ."

ஸாஸா சுவரைப் பார்த்துக்கொண்டு, தன் வழக்கு முடிய எத்தனை வருடம் என்று மனதுக்குள் கணக்குப் போட்டான்.

"சின்னனெண்டால் ரெண்டு மூண்டு வருசத்தில திறந்து போடவேணும். அந்தப் பெரிசு பத்து வருசம் தாங்கும்."

பெட்டியைத் திறந்து, பாணைப் பிய்த்து, பாதியை என் பக்கம் தள்ளினான்.

"காணும்," என்றான்.